மூன்று நிமிடப் படமும் உமர் பாரூக்கின் இடது கையும்

உமர் பாரூக் இரண்டு கையோடுதான் பிறந்தான். அதில் ஒன்று தப்பான கை என்பது அவனுக்குத் தெரிய நாலு வருஷம் ஆயிற்று.

அவனுடைய அத்தா ஜகபர் அலி செஞ்சி கடைத்தெருவில் தகர வேலை செய்கிறவர். மண்ணெண்ணெய்ப் புனல், அரிசிப் படி, கிணற்று வாளி எல்லாம் அவர் கையில் உருவாகும். கோணிப்போன தகரத்தைத் தட்டித் தட்டி நேராக்குவதில் அவருக்குப் பெயர். அதே முறையில் பிள்ளையையும் நேராக்கிவிடலாம் என்று நம்பினார். பிள்ளை இடது கையால் சோற்றைத் தொட்டால் அந்தக் கையை முதுகுப்பக்கம் இழுத்துக் கட்டுவார். அவிழ்த்துவிட்டதும் அது நேரே தட்டுக்குத்தான் போகும். ஈயம் பற்றவைக்கிற கம்பி அடுப்பில் எந்நேரமும் பழுத்துக் கிடக்கும் வீடு அது. ஆறாவது வயதில் இடது புறங்கையில் ஒரு சூடு விழுந்தது. புளியங்கொட்டை அளவில் தழும்பு நின்றது. அதற்குப் பிறகு அந்தக் கை தட்டுக்குப் போகவில்லை.

வலது கை போனது. போனதே தவிர, ஒன்றையும் ஒழுங்காகக் கொண்டுவரவில்லை. பாதிச் சோறு மடியில் விழுந்தது. பள்ளிக்கூடப் பலகையில் அவன் எழுதியதைக் கோழி கிளறியதாக நினைத்து வாத்தியார் அழித்தார். பட்டறையில் அவனுடைய சுத்தியல் ஆணியைத் தவிர மற்ற எல்லாவற்றின் மேலும் விழுந்தது. இவ்வளவையும் பார்த்துவிட்டு ஊர் அவனை மக்கு என்று தீர்மானித்தது. தீர்மானம் போட்டுவிட்டால் செஞ்சிக்காரர்கள் லேசில் ரத்து செய்கிறவர்கள் அல்ல.

பதினெட்டு வயதில் அத்தா அவனை நூருல்லாவின் பேண்டு செட்டில் கொண்டுபோய்த் தள்ளினார். கல்யாண ஊர்வலத்துக்கு முன்னால் சிவப்புக் கோட்டும் ஜரிகைப் பட்டையுமாக நடந்துபோய் ஊதுகிற கோஷ்டி அது. நூருல்லா இரண்டு மாதம் அவனுக்கு டிரம்பெட் சொல்லிக் கொடுத்துப் பார்த்தார். டிரம்பெட்டில் மூன்று கட்டைகள் இருக்கும். வலது கையின் மூன்று விரலால் அவற்றை அமுக்கி அமுக்கிச் சுரம் பிடிக்க வேண்டும். உமரின் விரல் கட்டையை அமுக்கும்போது பாட்டு அடுத்த தெருவுக்குப் போயிருக்கும். மூன்றாவது மாதம் நூருல்லா ஒரு முடிவுக்கு வந்தார். கல்யாண வீட்டார் பதினோரு ஆள் செட்டு என்றால் பதினோரு கோட்டை எண்ணிப் பார்ப்பார்களே தவிர, பதினோரு சத்தத்தை எண்ண மாட்டார்கள்.

"டேய் உமரு, நீ ஊதாத. கன்னத்த மட்டும் உப்பு. வெரலு சும்மா ஆடிட்டே இருக்கட்டும். சத்தத்த மத்தவனுங்க பாத்துக்குவானுங்க."

அப்படி ஏழு வருஷம் அவன் கன்னத்தை உப்பினான். செஞ்சியிலிருந்து தளவானூர் வரை அவன் நடக்காத கல்யாணத் தெரு இல்லை. ஏழு வருஷத்தில் ஒரு சுரம்கூடத் தப்பாக வாசித்தது கிடையாது. அந்தப் பெருமை செட்டில் வேறு யாருக்கும் இல்லை.

அறுபத்திரண்டில் ராஜாங்கம் திண்டிவனம் ரோட்டில் டெண்ட் கொட்டகை போட்டார். அவருடைய மிஷின் சின்னது. சின்ன பிலிம்தான் ஓடும். மதராஸில் பழைய சாமான் கடை ஒன்றில் மிஷினை வாங்கியபோது, கடைக்காரன் கொசுறாக ஒரு தகர டப்பாவையும் கொடுத்து அனுப்பினான். உள்ளே ஒரே சுருள். அதில் எட்டு இங்கிலீஷ் பாட்டுகள், ஒவ்வொன்றும் மூன்று நிமிடம். கதை கிடையாது, சண்டை கிடையாது. கோட்டும் கழுத்துப் பட்டியுமாகப் பதினைந்து இருபது பேர் வரிசை வரிசையாக உட்கார்ந்து பேண்டு வாசிப்பார்கள். முன்னால் ஒருவன் குச்சியை ஆட்டுவான். நடுவில் பளபளவென்று ஒருத்தி வந்து பாடிவிட்டுப் போவாள். அவ்வளவுதான். பெரிய படம் தொடங்குமுன், ஜனங்கள் மணலைக் குவித்து உட்கார இடம் பண்ணிக்கொள்கிற நேரத்தில், ராஜாங்கம் தினம் ஒரு பாட்டை ஓட்டினார்.

உமர் பாரூக் முதல் நாள் தரை டிக்கெட்டில் இருந்தான். திரையில் மூன்றாவது வரிசையிலிருந்து ஒல்லியாக ஒரு ஆள் எழுந்து நின்று டிரம்பெட்டைத் தூக்கினான். கண்ணை மூடிக்கொண்டான். அவன் விரல்கள் கட்டைகளின் மேல் ஓடின.

இடது கை விரல்கள்.

உமர் பக்கத்திலிருந்தவனின் தோளைப் பிடித்துக்கொண்டான். திரையில் இருந்தவர்கள் அத்தனை பேரும் இடது கைக்காரர்கள். டிரம்பெட்டுக்காரர்கள் இடது கை. குச்சி ஆட்டுகிறவன் இடது கை. பளபளப்புக்காரி இடது கையால் கண்ணாடித் தம்ளரை எடுத்துக் குடித்தாள். பாட்டு முடிந்ததும் இரண்டு பேர் இடது கையால் கை குலுக்கிக்கொண்டார்கள். ஒரு தேசம் முழுக்க அந்தக் கையால் வாழ்கிறது, யாரும் யாருக்கும் சூடு போடவில்லை.

கொட்டகையிலும் சலசலப்பு வந்தது. "இன்னாடா இது அசிங்கம், பீச்சாங்கையால கை குடுக்கறானுங்க" என்றான் ஒருவன். பதில் சொல்ல ஆள் இருந்தது. ஹைஸ்கூல் இங்கிலீஷ் வாத்தியார் ரங்கநாதன் முதல் வரிசை நாற்காலியில் இலவசமாக உட்காருகிறவர். இங்கிலீஷில் எது வந்தாலும் விளக்கம் சொல்வதற்காக ராஜாங்கம் அவருக்கு அந்த நாற்காலியைக் கொடுத்திருந்தார். அவர் எழுந்து திரும்பி நின்றார்.

"நமக்குப் பகல்னா அமெரிக்காகாரனுக்கு ராத்திரி. நாம ரோட்ல எடது பக்கம் போறோம், அவன் வலது பக்கம் போறான். பூமி உருண்டைல நமக்கு நேர் கீழ இருக்கறவன் அவன். அதனால நமக்கு எது சோத்துக்கையோ, அது அவனுக்குப் பீச்சாங்கை. ஜியாக்ரபி படிச்சவனுக்குத் தெரியும்."

ஜியாக்ரபி படித்தவர்கள் கொட்டகையில் வேறு யாரும் இல்லாததால் விஷயம் தீர்ந்தது. பெரிய டிரம்மின் மேல் எழுதியிருந்த எழுத்துகள் புரியவில்லையே என்று கேட்டவனுக்கும் அவரிடம் பதில் இருந்தது. "அது இங்கிலீஷ் இல்லப்பா. லத்தீன்."

அன்றைக்கு வீட்டுக்குப் போன உமர், டிரம்பெட்டை வலது கையில் பிடித்து இடது விரல்களைக் கட்டைகளின் மேல் வைத்தான். விரல்கள் போகவேண்டிய இடத்துக்குப் போய் நின்றன. இருபது வருஷம் கதவுக்கு வெளியே நிறுத்திவைத்த விருந்தாளி, உள்ளே வந்து யாரையும் கேட்காமல் பாயை விரித்துக்கொண்டது மாதிரி இருந்தது அது.

கோட்டைக்குள் ராஜகிரி அடிவாரத்தில் நெற்களஞ்சியம் இருக்கிறது. உள்ளே ஒரு சுரத்தை ஊதினால் நாலாகத் திரும்பி வரும். காலை நேரங்களில் அங்கே போய் வாசித்தான். குரங்குகள் முதல் வாரம் ஓடின. இரண்டாவது வாரம் ஓடவில்லை. மூன்று மாதத்தில் எட்டுப் பாட்டும் அவன் கைக்கு வந்துவிட்டன.

ஒரு கல்யாணத்தில் கன்னத்தை உப்ப வேண்டிய இடத்தில் அவன் இடது கையால் ஊதிவிட்டான். நூருல்லா அடிக்கக் கையை ஓங்கினார். ஓங்கிய கை அங்கேயே நின்றது, ஏனென்றால் தெருவில் எல்லாரும் நின்றுவிட்டார்கள். மாப்பிள்ளை குதிரை மேலேயே திரும்பிப் பார்த்தார்.

"யாருய்யா அது, பீச்சாங்கையால வாசிக்கறது?" என்று பெண் வீட்டுக்காரர் கேட்டார்.

"அமெரிக்கன் ஸ்டைலுங்க" என்றார் நூருல்லா, கையை இறக்கித் தலையைச் சொறிந்துகொண்டு. "டெண்ட் கொட்டாய்ல பாக்கலியா? அங்க எல்லாரும் அப்படித்தான். வாத்தியாரே சொல்லிட்டாரு."

அந்தப் படம்தான் அவனுடைய இடது கைக்கு லைசென்ஸ் ஆயிற்று. ஒரு மாதத்தில் செட்டின் பெயர்ப் பலகை மாறியது: நூருல்லா அமெரிக்கன் பேண்டு. தேதி வைக்கும்போதே "அந்தப் பீச்சாங்கை பாய் வருவாரில்ல?" என்று கேட்டார்கள். கடைத்தெரு இளவட்டங்கள் இரண்டு மூன்று பேர் வாட்சை வலது மணிக்கட்டுக்கு மாற்றி, இடது கையால் வணக்கம் வைத்துக்கொண்டு திரிந்தார்கள். திண்டிவனத்தில் ஜாஹிதா பேகத்தைப் பேசி முடித்தபோது, மாப்பிள்ளைக்கு அமெரிக்கப் பாட்டெல்லாம் அத்துபடி என்று பெண் வீட்டில் பெருமையாகச் சொல்லிக்கொண்டார்கள். மக்கு என்கிற தீர்மானத்தை யாரும் ரத்து செய்யவில்லை. எழுதிய காகிதத்தைத் தொலைத்துவிட்டார்கள், அவ்வளவுதான்.

ஜகபர் அலி ஒரே ஒரு தடவை கொட்டகைக்கு வந்து அந்தப் படத்தைப் பார்த்தார். வெளியே வரும்போது மகனிடம் கேட்டார்: "அந்த ஊர்ல எவனுக்குமே அத்தா இல்லியா?" அடுத்த வருஷம் அவர் மௌத்தானார். அந்தத் தழும்பைப் பற்றி இரண்டு பேரும் கடைசிவரை பேசவில்லை.

உண்மை தெரிந்த ஆள் ஊரில் ஒருவர் இருந்தார். அவர் விநாயகம். கடைத்தெருவில் சலூன் வைத்திருந்தார்.

விநாயகம் இருபது வருஷமாகச் செஞ்சியின் முகங்களைக் கண்ணாடியில் பார்த்தே பிழைத்தவர். அவருடைய சலூனில் ஆள் உயரத்துக்கு ஒரு பெல்ஜியம் கண்ணாடி உண்டு. எதிர்ச் சுவர் காலண்டரை அவர் அதில்தான் படிப்பார். முதல் நாள் கொட்டகையில் உட்கார்ந்த உடனே அவருக்கு உறைத்துவிட்டது. திரையில் அத்தனை ஆண்களுக்கும் வகிடு வலது பக்கம். அத்தனை கோட்டிலும் கைக்குட்டைப் பை வலது பக்கம். பொத்தான் பொம்பளைச் சட்டையில் மாதிரி எதிர்ப்புறம். கண்ணாடிக்குள் இருக்கிறதைத்தான் காட்டுகிறார்கள் என்று அவர் தெரிந்துகொண்டார்.

அவர் நினைத்தது சரிதான். யுத்த காலத்து அமெரிக்காவில் ஓட்டல்களிலும் மதுக்கடைகளிலும் பீரோ மாதிரி ஒரு பெட்டி வைத்திருந்தார்கள். காசைப் போட்டால் அதன் திரையில் மூன்று நிமிடம் ஒரு கோஷ்டி பாடி ஆடும். அந்தப் பெட்டிக்கென்றே எடுத்த படங்கள் இவை. பெட்டிக்குள் இடம் போதாததால், மிஷினின் வெளிச்சத்தைக் கண்ணாடியில் மோதவிட்டு மடக்கித் திரைக்கு அனுப்பினார்கள். கண்ணாடி இடது வலதை மாற்றிவிடும் அல்லவா, அதனால் பிலிமை முன்கூட்டியே மாற்றி அச்சடித்துவிட்டார்கள். பெட்டிகள் ஒழிந்தன, பிலிம்கள் மிஞ்சின. கண்ணாடி இல்லாத ராஜாங்கத்தின் மிஷினில் ஓடியபோது, வலது கைக்காரர்கள் அத்தனை பேரும் இடது கைக்காரர்களாகச் செஞ்சிக்கு வந்து சேர்ந்தார்கள்.

பெட்டி விஷயமெல்லாம் விநாயகத்துக்குத் தெரியாது. கண்ணாடி தெரியும். தெரிந்ததை அவர் யாரிடமும் சொல்லவில்லை. நாலு வருஷம், ஒன்றுவிட்டு ஒருநாள், உமரின் தாடையில் சோப்பு நுரையைத் தடவும்போதெல்லாம் உள்ளுக்குள் சிரித்துக்கொண்டார். "இன்னா பாய், அமெரிக்கா எப்படி இருக்குது?" என்பார். "உன் புண்ணியத்துல நல்லா இருக்குது விநாயகம்" என்பான் உமர். ஒரு மனிதனுடைய வாழ்வு தன் மடியில் இருப்பது சுகமான விஷயம். செலவு செய்யாமல் வைத்திருந்தார்.

அறுபத்தாறில் பஸ் ஸ்டாண்டு எதிரில் புதுச் சலூன் வந்தது. அங்கே சுற்றுகிற நாற்காலி. உமர் பாரூக் ஒருநாள் அந்த வழியாகப் போனவன் ஆசைப்பட்டு ஏறி உட்கார்ந்துவிட்டான். திரும்பி வரும்போது விநாயகம் வாசலில் நின்றிருந்தார்.

"இன்னா பாய், கன்னம் மினுக்குது."

"சும்மா ஒரு தபா ஒக்காந்து பாத்தேன். சுத்துது விநாயகம்."

"சுத்துதா?"

"மூணு சுத்து வுட்டான்."

"சரி. சுத்தட்டும்" என்றார் விநாயகம்.

அன்றைக்கே அவர் ராஜாங்கத்தைப் போய்ப் பார்த்தார். கொட்டகையில் கூட்டம் குறைந்திருந்த சமயம். மிஷினைப் பக்கவாட்டில் திருப்பி, முன்னால் தன் கண்ணாடியைச் சாய்த்து நிறுத்தி, அதில் மோதவிட்டுப் படத்தைத் திரைக்கு அனுப்பச் சொன்னார். ராஜாங்கம் மத்தியானம் படுதாக்களை இறக்கிவிட்டுச் சோதித்தார். மூன்று நிமிடம் பார்த்தார். மிஷினை நிறுத்தினார்.

"பாய் பாவம்யா" என்றார் கடைசியில்.

"பாவந்தான். அவருக்கு முன்வரிசைல சேர் போடு" என்றார் விநாயகம்.

மாட்டு வண்டியில் தட்டி கட்டித் தம்பட்டம் அடித்தார்கள்: 'அமெரிக்கப் பாட்டு, புதுமுறையில், கண்ணாடியில்.' ராஜாங்கமே உமரின் வீட்டுக்கு வந்து அழைத்தார். "உங்க படம்தான் பாய். கோட்டு போட்டுட்டு வாங்க. டிரம்பெட்டையும் எடுத்துக்குங்க." உமருக்குச் சந்தோஷம் தாங்கவில்லை. அந்த வாரம்தான் மேல்சித்தாமூர்ச் சமணர் அஜிததாஸ் நைனார் தன் மகள் கல்யாணத்துக்கு நூருல்லா செட்டைப் பேசியிருந்தார். ஆற்காட்டு மாப்பிள்ளை, அந்த வட்டாரத்திலேயே பெரிய கல்யாணம். பீச்சாங்கை பாய் ஊர்வலத்துக்கு முன்னால் தனியாக நடந்து வரவேண்டும் என்பது பேச்சு. பதினோராவது கோட்டாக வந்தவன், எல்லாருக்கும் பத்தடி முன்னால் போகப் போகிறான். அவன் வெகுநாளாக ஆசைப்பட்டதும் அதுதான்.

அன்று கொட்டகை நிரம்பி வழிந்தது. நைனாரும் பொழுதிருக்கவே சாப்பாட்டை முடித்துக்கொண்டு வந்து பெஞ்சில் உட்கார்ந்திருந்தார். முன்வரிசையில் வாத்தியாருக்கும் நூருல்லாவுக்கும் நடுவே உமர், சிவப்புக் கோட்டில். ஜாஹிதா பெண்கள் பக்கம். பாட்டு தொடங்கியதும் உமரின் இடது விரல்கள் வழக்கம்போல மடியில் தாளம் பிடித்தன. நிமிர்ந்து பார்த்தான்.

மூன்றாவது வரிசை ஒல்லி ஆள் எழுந்து நின்றான். கண்ணை மூடினான். அவனுடைய வலது கை விரல்கள் கட்டைகளின் மேல் ஓடின.

ஆபரேட்டர் ஏதோ தப்பு செய்துவிட்டான் என்றுதான் உமர் முதலில் நினைத்தான். பிறகு எல்லாரையும் பார்த்தான். குச்சி ஆட்டுகிறவன் வலது கை. பளபளப்புக்காரி வலது கை. வலது கையும் வலது கையும் குலுக்கிக்கொண்டன. ஒவ்வொரு உருவத்துக்குப் பக்கத்திலும் கண்ணாடியின் மங்கலான நிழல் ஒன்று நின்றது. சத்தம் மட்டும் மாறவில்லை. நாலு வருஷமாகக் கேட்ட அதே பாட்டு, அதே இடத்தில் ஏறி, அதே இடத்தில் இறங்கியது.

இங்கிலீஷ் எழுத்து எங்கே தென்பட்டாலும் வாய்விட்டுப் படிப்பது ரங்கநாதனின் பழக்கம். பெரிய டிரம் திரையில் வந்தது. "ஆர்க்கெஸ்ட்ரா" என்று படித்துவிட்டார்.

"லத்தீன் சார், லத்தீன்" என்றது தரை டிக்கெட்டிலிருந்து ஒரு குரல்.

கொட்டகை சிரித்தது. வாத்தியாரின் காது சிவந்தது. எழுந்து திரும்பி நின்றார்.

"என்னப் பாத்து இன்னாத்துக்கு சிரிக்கறீங்க? நான் ஏதோ பேச்சுக்கு சொன்னேன். அத நம்பி ஒருத்தன் நாலு வருஷமா உங்க வூட்டுப் பொண்ணுங்களுக்கு எல்லாம் பீச்சாங்கையால கல்யாணம் பண்ணி வெச்சிருக்கான். அவனப் பாத்து சிரிங்க."

சிரிப்பு, மந்தை திரும்புவது போல மொத்தமாகத் திரும்பியது. ஒன்ஸ்மோர் கேட்டார்கள். ராஜாங்கம் போட்டார். மறுபடியும் கேட்டார்கள்.

"பாய், நீயும் கூட ஊது, எது சரின்னு பாப்போம்" என்றது கூட்டம்.

உமர் பாரூக் எழுந்து நின்றான். அவனுக்கு ஒரு நம்பிக்கை இருந்தது. காதால் கேட்டால் தெரிந்துவிடும் என்று நினைத்தான். டிரம்பெட்டைத் தூக்கி, இடது கையால், திரையில் இருந்தவனோடு சேர்ந்து வாசித்தான். ஒரு சுரம் பிசகவில்லை. இரண்டு டிரம்பெட்டும் ஒரே டிரம்பெட்டாகக் கேட்டன. அப்படி அவன் அதற்கு முன்னால் வாசித்ததில்லை, பின்னாலும் வாசிக்கவில்லை.

ஊர் அவன் கையைத்தான் பார்த்தது. திரையில் வலது, கீழே இடது. வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்கள். பெண்கள் பக்கத்தில் முக்காட்டுக்குள் ஜாஹிதா மட்டும் சிரிக்கவில்லை. அதைக் கவனித்த பக்கத்துப் பெண், "உன் வூட்டுக்காரர்தானே அது?" என்று கேட்டுவிட்டு மறுபடி சிரித்தாள்.

விடிந்தபோது ஊரில் வேறொரு வேலை நடந்துகொண்டிருந்தது. நாலு வருஷத்துக் கல்யாணங்களை ஒவ்வொன்றாகத் தோண்டி எடுத்தார்கள். சங்கராபரணி ஆற்றங்கரை வீட்டுப் பெண்ணுக்கு இன்னும் பிள்ளை இல்லை: பீச்சாங்கை. எண்ணெய்க் கடைக்காரர் மருமகள் தாய் வீட்டுக்குப் போனவள் திரும்பவில்லை: பீச்சாங்கை. ஒரு மாப்பிள்ளை லாரியில் கால் ஒடிந்து கிடந்தான். அவன் கல்யாணத்துக்கு உமர் வரவே இல்லை, ஆனால் பக்கத்துத் தெருக் கல்யாணத்தில் ஊதிய சத்தம் கேட்டதாம். இடது மணிக்கட்டுக்கு வாட்சுகள் திரும்பின.

பத்து மணிக்கு அஜிததாஸ் நைனார் நூருல்லாவின் வீட்டுக்கு வந்தார். உமரை அழைத்தார்கள். நைனார் நல்ல மனிதர். எறும்பு மிதிபடாமல் பார்த்து நடக்கிறவர். குரலை உயர்த்தத் தெரியாது.

"நான் எந்தக் கையையும் குத்தம் சொல்றவன் இல்ல பாய். பொண்ணப் பெத்தவன். மாப்ள வூட்ல கேட்டா நான் இன்னா சொல்லுவேன்?"

"நைனாரே, போன மாசம் நான் வாசிச்சப்ப நீங்களே கை தட்டினீங்க."

"தட்டினேன். அப்ப அமெரிக்கான்னு நெனச்சேன்."

"வாசிச்சது நல்லா இருந்துச்சா இல்லியா?"

நைனார் கொஞ்சம் யோசித்தார். "நல்லாத்தான் இருந்துச்சி. இப்ப நெனச்சா அதுதான் பயமா இருக்குது."

நூருல்லா தொண்டையைச் செருமினார். பலகையிலிருந்து 'அமெரிக்கன்' என்ற சொல்லை அதற்குள் சுரண்டியிருந்தார். நகக்கண்ணில் நீலப் பெயிண்டு இருந்தது. "சோத்துக்கையால ஊது உமரு. முடியலன்னா கோட்டைக் கழட்டி வெச்சிட்டுப் போ. கல்யாணத்துக்கு இருவது நாள் இருக்குது."

"மாமா, உங்களுக்குத் தெரியாதா என் சோத்துக்கை?"

"தெரியும்" என்றார் நூருல்லா.

அன்றைக்கு ஜாஹிதா தட்டைக் கொண்டுவந்து வைத்தாள். அவன் வலது கையால் பிசைந்தான். மடியில் சிந்தியது.

"ஊதறது வாயாலதானே. கையாலயா ஊதறாங்க?" என்றாள் அவள்.

செஞ்சி முழுக்க அந்தக் கேள்வியைக் கேட்டது அவள் ஒருத்திதான். அவளிடம் யாரும் அபிப்பிராயம் கேட்டிருக்கவில்லை.

இருபது நாளும் களஞ்சியத்துக்குப் போய் வலது கையால் வாசித்தான். தப்பான சுரம் ஒவ்வொன்றையும் அந்தச் சுவர்கள் நாலாக்கித் திருப்பிக் கொடுத்தன. முதல் நாளே குரங்குகள் எழுந்து மேலே போய்விட்டன. இடது கையைக் கோட்டுப் பைக்குள் திணித்து ஊக்கு போட்டுக் குத்திக்கொண்டு பார்த்தான். அத்தா செய்ததைத் தனக்குத் தானே செய்துகொள்ளும் அளவுக்கு அவன் வளர்ந்திருந்தான். இருபதாவது நாள் பாட்டின் முதல் வரி வந்தது. இரண்டாவது வரி வரவில்லை.

மேல்சித்தாமூரில் ஊர்வலம் புறப்படுமுன் நூருல்லா அவன் கோட்டைச் சரிசெய்கிறவர் போலக் கிட்டே வந்தார். நைனார் வீட்டாரின் கண்ணெல்லாம் அந்தக் கையின் மேல்தான் இருக்கும் என்பது அவருக்குத் தெரியும். பதினோரு கோட்டு வேண்டும் என்பதும் தெரியும். வெகுநாளாகச் சொல்லாத பாடத்தை மெதுவாகச் சொன்னார்.

"முன்னாடி நடக்க வாணாம். கடேசி வரிசைல நில்லு. சோத்துக்கைய நல்லாத் தெரியற மாதிரி மேல வையி. ஊதாத. கன்னத்த மட்டும் உப்பு."

உமர் பாரூக் அப்படியே செய்தான். தெரு முழுக்கக் கன்னத்தை உப்பிக்கொண்டு நடந்தான். வலது விரல்கள் கட்டைகளின் மேல் சும்மா ஆடின. முன்னால் போன இரண்டு டிரம்பெட்டுகள் ஏனோதானோ என்று எதையோ வாசித்தன. மடத்துத் தெரு திரும்பும்போது நைனார் வரிசையை விலக்கிக்கொண்டு, சம்பந்தி வீட்டாரையும் அழைத்துக்கொண்டு, நேரே அவனிடம் வந்தார். கண் கலங்கியிருந்தது.

"இப்பதான் பாய் காதுக்கு இனிமையா இருக்குது" என்றார். "பாத்தியா, சோத்துக்கையில வர்ற சுகம் எதுல வரும்?"

ஆற்காட்டுக்காரர்கள் ஆமாம் என்று தலையசைத்தார்கள். நைனார் தன் தோளிலிருந்த புது ஜரிகைத் துண்டை எடுத்து அவனுக்குப் போர்த்தினார். இடது கையால் ஊதிய நாலு வருஷத்தில் ஒருவரும் அவனுக்குத் துண்டு போர்த்தியதில்லை. அவன் வாயைத் திறந்து நன்றி சொல்ல வேண்டியிருந்தது. திறந்தால் கன்னம் இறங்கிவிடும் என்பதால் தலையை மட்டும் ஆட்டினான்.

அதற்கப்புறம் கல்யாணங்களுக்குக் குறைவில்லை. திருந்திவிட்டான் என்று செய்தி பரவியது. ராஜாங்கம் கண்ணாடியை ஒரு வாரம் வைத்துக் காட்டினார். கூட்டம் குறைந்ததும் திருப்பி அனுப்பினார். வண்டியில் வரும்போது அதில் குறுக்கே ஒரு விரிசல் விழுந்துவிட்டது. ரங்கநாதனுக்கு முன்வரிசை நாற்காலி அப்படியே இருந்தது.

மாசி மாதம் ஒருநாள் உமர் பாரூக் விநாயகத்தின் சலூனுக்கு வந்து, பழைய மர நாற்காலியில் உட்கார்ந்தான்.

"வா பாய். சுத்தற சேரு இன்னா ஆச்சி?"

"அவன் என்ன ஒக்கார வெச்சி, வர்றவங்க எல்லாருக்கும் திருப்பித் திருப்பிக் காட்றான்."

"அதான. இங்க அந்தத் தொந்தரவு இல்ல. விரிசல் பாத்தியா? உன் படத்தால வந்ததுதான்." விநாயகம் துண்டைக் கட்டி நுரையைத் தடவினார். நுரை வாயோரம் வழிந்தது. உமர் வலது கையை எடுத்து, நாலு வருஷத்துக்குப் பிறகு மறுபடி பழகிக்கொண்ட கவனத்தோடு, துடைத்தான். விநாயகம் கத்தியை நிறுத்திவிட்டுக் கண்ணாடியைப் பார்த்தார். முகத்தில் சிரிப்பு மெல்லப் பரவியது.

"இன்னா பாய், இதுல பாத்தா நீ இன்னும் பீச்சாங்கைதான்."

உமரும் பார்த்தான். விரிசலுக்கு அந்தப் பக்கம், முகம் இரண்டாகப் பிளந்த ஒரு ஆள், இடது கையை வாயருகே வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தான். அவனுடைய மூன்று விரல்கள், இருப்பதே தெரியாத மாதிரி, ஒன்றன்பின் ஒன்றாக அசைந்தன. உமர் கையை இறக்கித் துண்டுக்கு அடியில் வைத்துக்கொண்டான்.

விநாயகம் கத்தியைத் தோல்பட்டையில் இரண்டு இழுப்பு இழுத்துவிட்டு அவன் தாடையை விரலால் நிமிர்த்தினார்.

"கன்னத்த உப்பு பாய்."

உமர் பாரூக் உப்பினான். அதில் அவனுக்குப் பழக்கம் இருந்தது.